மேசிஸ் கடையும் ஸ்ட்ராஸ் குடும்பமும்: கேள்வி பதில்

நியூயார்க் 34ஆம் தெரு மேசிஸ் டிபார்ட்மென்ட் ஸ்டோரின் கதையைக் கேளுங்கள், சொல்கிறேன். கூப்பன், தள்ளுபடி, மாற்றித் தருவது எல்லாம் என்னிடம் வேண்டாம். இன்னொன்று: கடைக்காரர் தன் விளம்பரத்தில் எழுதிக்கொள்வது வரலாறு ஆகாது.

செங்கை சீனு: கடை மேசி பெயரில் இருக்கிறது. ஸ்ட்ராஸ் குடும்பம் எப்படி உள்ளே வந்தது?

வாடகைக்கு வந்தது. ரோலண்ட் மேசி நான்டக்கெட் தீவுக்காரர், இளவயதில் திமிங்கில வேட்டைக் கப்பலில் போனவர். மாசசூசெட்ஸில் வைத்த கடைகள் கையைக் கடித்தன. 1858இல் நியூயார்க் ஆறாம் அவென்யூவில், 14ஆம் தெருவை ஒட்டி ஒரு சின்னக் கடை போட்டார். முதல் நாள் விற்பனை 11 டாலரும் சில்லறையும்.

லாசரஸ் ஸ்ட்ராஸ் 1852இல் ஜெர்மனியிலிருந்து வந்து, ஜார்ஜியா மாநிலத்துப் பண்ணைகளில் வண்டியில் சரக்குப் போட்டு விற்றவர். உள்நாட்டுப் போருக்குப் பிறகு குடும்பத்தோடு நியூயார்க் வந்து பீங்கான், கண்ணாடிச் சாமான் மொத்த வியாபாரத்தில் இறங்கினார். 1874இல் மேசி கடையின் அடித்தளத்தில் இடம் பிடித்துப் பீங்கான் பிரிவை நடத்தினார்கள். அது நன்றாக ஓடியது. 1888இல் மகன்கள் இசிடோரும் நேத்தனும் பங்காளிகள் ஆனார்கள். 1896இல் முழுக் கடையும் கைக்கு வந்தது. ஊரறிந்த பெயர்ப்பலகையை மாற்ற அவர்களுக்கென்ன பைத்தியமா?

கடலூர் மணி: டைட்டானிக்கில் இறந்த ஜோடி இவர்கள்தானா?

ஆமாம், இசிடோரும் மனைவி ஐடாவும். வயதானவர் என்பதால் படகில் ஏறச் சொன்னார்கள். மற்ற ஆண்களுக்கு முன்னால் ஏற மாட்டேன் என்று இசிடோர் மறுத்துவிட்டார். ஐடா அவரை விட்டுப் போகவில்லை. வேலைக்காரப் பெண் எல்லன் பேர்டை 8ஆம் எண் படகில் ஏற்றி, தன் ஃபர் கோட்டையும் கொடுத்தனுப்பினார். அந்தப் பெண் பிழைத்தார். இசிடோரின் உடல் கிடைத்தது, ஐடாவின் உடல் கிடைக்கவே இல்லை. கடை ஊழியர்கள் காசு போட்டு வைத்த நினைவுப் பலகை 34ஆம் தெரு வாசலில் இருக்கிறது.

நிலா: மேசிக்கு வாரிசே இல்லையா?

மகன் இருந்தான், தேறவில்லை. குடிப்பழக்கம். 1877இல் மேசி பாரிஸில் இறந்தபோது கடை பங்காளிகளிடம் போனது. இரண்டே வருடத்தில் அவர்களில் இருவர் அடுத்தடுத்து இறந்துபோனார்கள்.

மகனைவிட முக்கியமானவர் மார்கரெட் கெட்செல். 1860இல் காசாளராகச் சேர்ந்தார். 1866இல் கடை முழுவதற்கும் மேற்பார்வையாளர். அந்தக் காலத்தில் ஒரு பெண் இவ்வளவு பெரிய கடையை நிர்வகித்தார் என்பதை யாரும் கேட்பதில்லை. எல்லோருக்கும் கப்பல் வேண்டும்.

தேனிக்காரன்: சார், டைட்டானிக் படத்தில் கட்டிலில் கட்டிப்பிடித்துப் படுத்திருக்கும் முதியவர்கள் இவர்களா?

இவர்களை வைத்து எடுத்த காட்சிதான். பார்த்தவர்கள் சொன்னதோ மேல்தளத்தில் இருந்ததைத்தான். மற்றது மணிக்குச் சொன்ன பதிலில்.

கோவை ராஜன்: ஜீன்ஸ் விற்ற லீவை ஸ்ட்ராஸ் உறவா?

இல்லை.

அயல்வாசி, டொரண்டோ: கடை ஒரு தெருச்சதுக்கம் முழுக்க இருக்கிறது என்கிறார்கள். மூலையில் மட்டும் வேறு கட்டடம் இருக்கிறதே?

நல்ல கேள்வி. 14ஆம் தெருவிலிருந்து 34ஆம் தெருவுக்குப் போக ஸ்ட்ராஸ் சகோதரர்கள் ரகசியமாக இடம் வளைத்தார்கள். பிராட்வே மூலையிலிருந்த துண்டுக்கு வாய்ப்பேச்சு முடிந்திருந்தது. அரை கிரவுண்டுகூடத் தேறாத இடம். அதற்குள் ஸ்மித் என்பவர் 3,75,000 டாலர் கொடுத்து அதை வாங்கிவிட்டார். பின்னால் இருந்தவர் போட்டிக் கடைக்காரர் ஹென்றி சீகல் என்பதுதான் அன்றைய பேச்சு. மேசிஸ் காலிசெய்யும் 14ஆம் தெரு இடத்தைக் கொடுத்தால் மூலையைத் தருவேன் என்று பேரம். ஸ்ட்ராஸ்கள் மசியவில்லை. மூலையை விட்டுவிட்டுச் சுற்றிலும் கட்டி, 1902இல் திறந்தார்கள். 1911இல் அந்த மூலை 10 லட்சம் டாலருக்குக் கைமாறியது. பிற்காலத்தில் மேசிஸ் அந்தச் சுவரை வாடகைக்கு எடுத்துத் தன் விளம்பரத்தையே மாட்டியது.

தேனிக்காரன்: இது வறட்டுக் கௌரவம் இல்லையா? பழைய இடத்தைக் கொடுத்துத் தொலைத்திருக்கலாமே. காலமெல்லாம் வாடகை கொடுத்தார்கள்!

தம்பி, யோசியுங்கள். இருபது தெரு தள்ளிப் புது இடத்துக்குப் போகிறீர்கள். நாற்பது வருட வாடிக்கையாளர் கால் பழகிய பழைய வாசலில் போட்டிக்காரன் உட்கார்ந்தால், பாதிப்பேர் அங்கேயே நின்றுவிட மாட்டார்களா?

நிலா: ஆனால் சீகல் எப்படியும் அதே 14ஆம் தெருவில் கடை போட்டாரே. அப்படியென்றால் மறுத்து என்ன லாபம்?

போட்டார், 1904இல். அதற்குள் 34ஆம் தெருக் கடை வேர் பிடித்துவிட்டது. அந்த இரண்டு வருடம்தான் லாபம். சீகல் பிறகு திவாலாகி, ஏமாற்றிக் கடன் வாங்கிய வழக்கில் சிறைக்கும் போனார்.

தேனிக்காரன்: திவாலானதால் ஸ்ட்ராஸ் செய்தது சரி என்று ஆகிவிடாது.

ஆகாது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் முதல் மிரட்டலுக்குப் பணிந்தால் அடுத்த மூலைக்காரனும் வருவான். நீங்கள் இடம் வாங்கிக் கட்டடம் கட்டியதில்லை என்று தெரிகிறது.

ஈரோடு துணிக்கடைக்காரர்: கடன் கணக்கு இல்லாமல் பெரிய கடை நடத்த முடியுமா?

அவர்கள் நடத்தினார்கள். மேசி காலத்திலிருந்தே ரொக்கம் மட்டும். 1902இல் தலைகீழாக ஒரு வழி செய்தார்கள்: வாடிக்கையாளர் முன்பணம் போட்டு வைக்க வேண்டும், வாங்க வாங்க அதில் கழியும், மீதிக்குக் கடையே வட்டி தரும். தவணை முறை 1939இல்தான் வந்தது. கடன் பாக்கி இல்லாததால் விலையைக் குறைக்க முடிந்தது. அதனால் சண்டையும் வந்தது. பதிப்பாளர் சங்கம் நிர்ணயித்த விலைக்குக் கீழே புத்தகம் விற்றதால் சரக்கை நிறுத்தினார்கள். ஸ்ட்ராஸ் வழக்குப் போட்டு உச்ச நீதிமன்றம்வரை போனார். பதிப்புரிமை இருப்பதால் மட்டும் கூட்டுச் சேர்ந்து விலை கட்ட முடியாது என்று 1913இல் தீர்ப்பு. நீங்கள் துணிக்கடைக்காரர், இந்த வழக்கை அவசியம் தேடிப் படியுங்கள்.

பாரதி: டிசம்பரில் போகிறேன். எந்த நாளில் மலிவு?

மேலே முதல் பத்தி.

வேலூர் வாசகி: டைட்டானிக்கில் இசிடோரின் மனைவி...

மணிக்குச் சொன்ன பதில். இனிக் கப்பல் கிடையாது.

அயல்வாசி, டொரண்டோ: பிறகு குடும்பம் என்ன ஆனது?

இசிடோர் இறந்தபின் அவருடைய மூன்று மகன்கள் சித்தப்பா நேத்தனின் பங்கை வாங்கினார்கள். நேத்தன் புரூக்ளினில் இருந்த ஏபிரகாம் அண்ட் ஸ்ட்ராஸ் கடைப் பக்கம் போனார். ஏழைக் குழந்தைகளுக்குப் பாஸ்டர் முறையில் காய்ச்சிய பால் கொடுக்க 1893 முதல் நிலையங்கள் வைத்தவர் இவர். இஸ்ரேலின் நெத்தான்யா நகரம் இவர் பெயரில்தான். மேசிஸ் 1922இல் பங்குச் சந்தைக்கு வந்தது. இசிடோரின் பேரன் ஜாக் 1968வரை தலைவராக இருந்தார். 1986இல் மேலாளர்கள் பெருங்கடன் வாங்கிக் கம்பெனியைத் தாங்களே வாங்கினார்கள். ரொக்கமே தெய்வம் என்றிருந்த கடை, 1992இல் அந்தக் கடனிலேயே திவால் பாதுகாப்புக்குப் போய் நின்றது. 1994இல் ஃபெடரேட்டட் நிறுவனம் வாங்கியது. 1929இல் அந்த ஃபெடரேட்டட்டைச் சேர்ந்து உருவாக்கிய கடைகளில் ஒன்று ஏபிரகாம் அண்ட் ஸ்ட்ராஸ். 1995இல் அந்தப் பலகையைக் கழற்றிவிட்டு அங்கும் மேசிஸ் என்று மாட்டிவிட்டார்கள்.