பிரேசில் வடகிழக்கின் நாட்டார் இசையைத் திரைப்பட இசையில் எப்படிப் பயன்படுத்துகிறார்கள்?

பாடகர் லூயிஸ் கொன்சாகா 1940களில் நாடறியச் செய்த பையாவ்ன் தாளத்தை எடுத்துக்கொள்வோம். அக்கார்டியன், சபும்பா மேளம், இரும்பு முக்கோணம் போதும். 2/4 தாளத்தை எட்டாகப் பிரித்தால், மேளத்தின் கனத்த அடி 1இலும் 4இலும் விழும். நான்காவதை அடக்காமல் ஒலிக்க விட வேண்டும். அதை ஐந்துக்குத் தள்ளினால் பேண்டு வாத்திய நடையாகிவிடும். பலர் சறுக்குவது இங்கேதான். மேளத்தின் கீழ்ப்பக்கத் தோலில் தட்டும் மெல்லிய குச்சி இடைவெளியை நிரப்பும். மெட்டில் அடிக்கடி வருவது நம் வாசஸ்பதி ராகத்தின் ஸ்வரங்கள்: பிரதி மத்யமம், கைசிகி நிஷாதம்.

மேளமே இல்லாமலும் முடியும். 1964இல் பிரேசில் இயக்குநர் கிளாவ்பெர் ஹோஷாவின் படத்துக்கு இசையமைப்பாளர் செர்ஜியோ ரிக்கார்டோ கிட்டாரோடு, சந்தைக் கதைப்பாடகர் பாணியில் தானே பாடினார். குரலைக் கொஞ்சம் கரடுமுரடாகவே விட்டதால்தான் அது எடுபட்டது.