டிஸ்க்கை விற்கலாம், அக்கவுண்டை விற்க முடியாது

கழற்றிப் பார்த்துச் சொல்கிறேன்: வாசகர் கேள்வி பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் பிளேஸ்டேஷன் (சுருக்கமாக பிஎஸ்) என்ற பழைய கேம் பெட்டியை விற்பது பற்றித்தான். மிக்ஸி, டேபிள் ஃபேன் பற்றிக் கேட்டவர்கள் அடுத்த இதழ் வரை பொறுத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: தம்பி, என் மகன் காலேஜ் படிக்கும்போது வாங்கிய பிஎஸ்4 வீட்டில் சும்மா கிடக்கிறது. அவன் இப்போது கோயம்புத்தூரில் வேலை செய்கிறான். "வித்துடும்மா" என்று போனில் சொல்லிவிட்டான். ரிமோட் இரண்டு, டிஸ்க் பதினொன்று இருக்கின்றன. புதுச்சேரியில் ஒரு கடையில் எல்லாம் சேர்த்து 7,000 ரூபாய்க்குக் கேட்டார்கள். கொடுத்துவிடலாமா? காசு கட்டி டவுன்லோட் செய்த ஆட்டங்களும் உள்ளே இருக்கிறதாம். அதற்குத் தனியாக விலை கேட்கலாமா?
(ஒரு வாசகி, மஞ்சக்குப்பம், கடலூர்)

பதில்: அக்கா, கடைசிக் கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். கேட்க முடியாது. டவுன்லோட் செய்த ஆட்டம் பெட்டிக்குள் இருந்தாலும் அது பெட்டியோடு போகிற பொருள் இல்லை, மகனுடைய அக்கவுண்டோடு ஒட்டியது. நாளைக்கு அவர் ஒரு பிஎஸ்5 வாங்கி அதே அக்கவுண்டில் நுழைந்தால், இந்த ஆட்டங்களில் கிட்டத்தட்ட எல்லாவற்றையும் மறுபடி காசு கட்டாமல் இறக்கிக்கொள்ளலாம். "அக்கவுண்டோடு கொடுங்க, ரெண்டாயிரம் கூடத் தர்றேன்" என்று கேட்பவர்கள் வருவார்கள். கொடுக்காதீர்கள். அதில் மகனுடைய மெயில் இருக்கிறது, கார்டு விவரமும் இருக்கலாம்.

7,000 விஷயம். கடைக்காரரை நான் குறை சொல்ல மாட்டேன், நானும் கடைக்காரன்தான். வாங்கித் துடைத்து, பழுது பார்த்து, ஒரு மாதம் கேரண்டி சொல்லி விற்க வேண்டும். அதற்கான இடைவெளியை விட்டுத்தான் அவர் விலை சொல்வார். அதே சமயம், பிஎஸ்4 நம் நாட்டுக்கு வந்த 2014 ஜனவரியில் அதன் விலை 39,990 ரூபாய் என்பதை நினைத்துக்கொண்டும் பேரம் பேசக் கூடாது. 2021 பிப்ரவரியில் பிஎஸ்5 வந்தபோதே இதற்கு மவுசு குறைய ஆரம்பித்துவிட்டது.

முதலில் பெட்டியின் பின்பக்க ஸ்டிக்கரைப் பாருங்கள். சியுஎச் (CUH) என்ற எழுத்துகளுக்கு அப்புறம் வரும் எண் 1 என்று தொடங்கினால் பழைய பெரிய மாடல், 2 என்றால் ஸ்லிம், 7 என்றால் ப்ரோ. ப்ரோவாக இருந்தால் 7,000க்குத் தலையாட்டாதீர்கள். பழைய பெரிய மாடலாக இருந்து, போட்ட பத்தாவது நிமிஷம் ஃபேன் மாவு மில் மாதிரி இரைந்தால், அந்த விலை மோசமில்லை. அப்படி இரைந்தால் உள்ளே தூசி அடைத்திருக்கும், சிப்புக்கு மேலே தடவியிருக்கும் பேஸ்ட் காய்ந்திருக்கும். இரண்டும் சரிசெய்யக்கூடியவை. சரிசெய்துவிட்டு விற்றால் செலவழித்ததைவிடக் கூடுதலாகவே திரும்பி வரும். நம் ஊரில் இன்னொன்றையும் பார்க்க வேண்டும். தேவனாம்பட்டினம் பக்கத்திலிருந்து என் கடைக்கு வரும் பெட்டிகளில் பாதிக்கு டிவிக்குப் போகும் எச்டிஎம்ஐ வயர் சொருகும் வாயில் துரு இருக்கும். கடல் காற்று யாரை விட்டது! டார்ச் அடித்துப் பாருங்கள்.

டிஸ்க்குகளைப் பெட்டியோடு சேர்த்துத் தள்ளிவிடாதீர்கள். இதில்தான் எல்லோரும் ஏமாறுகிறார்கள். மொத்தமாக விலை பேசும்போது பதினொன்றும் "கூட வந்தவை" ஆகிவிடும். தனித்தனியாகப் பேசினால் அதில் நான்கைந்துக்கு நிஜமாகவே ஆள் இருக்கும். டிஸ்க் போடும் டிரைவ் உள்ள பிஎஸ்5-இல் பிஎஸ்4 டிஸ்க்குகள் ஏறக்குறைய எல்லாமே ஓடும் என்பதால், பழைய பெட்டி வேண்டாம் என்பவர்கூட டிஸ்க்கைக் கேட்பார். கதை உள்ள ஆட்டங்கள் விலையைத் தாக்குப்பிடிக்கும். வருஷா வருஷம் புதிதாக வரும் விளையாட்டு டிஸ்க்குகள் அப்படி இல்லை. ஃபிஃபா ஃபுட்பால் ஆட்டத்தில் 17, 18, 19 என்று மூன்று அடுக்கி வைத்திருந்தால் வருத்தப்படாமல் ஒன்றின் விலைக்கு மூன்றையும் கொடுத்துவிடுங்கள். அந்த வரிசையில் அந்தப் பெயரோடு வந்த கடைசி ஆட்டமே ஃபிஃபா 23தான். அதற்கப்புறம் பெயரே மாறிப்போனது.

விற்கும் முன் ஒவ்வொரு கவரையும் திறந்து பாருங்கள். கவர் இருக்கும், டிஸ்க் இருக்காது. பெட்டிக்குள்ளேயே ஒன்று மாட்டிக்கொண்டிருக்கும். (போன மாதம் ஒருவர் பெட்டியை விற்று, அதற்குள் இருந்த டிஸ்க்கை வாங்க மறுநாள் பண்ருட்டி வரை பஸ் ஏறினார்.) கீறல் இருந்தால் டூத்பேஸ்ட் போட்டுத் தேய்க்கும் வைத்தியம் மட்டும் வேண்டாம். அது சிடி காலத்து வைத்தியம். சிடியில் பதிவு இருக்கும் அடுக்கு, நாம் தேய்க்கும் பக்கத்திலிருந்து 1.2 மில்லிமீட்டர் ஆழத்தில் இருந்தது. பிஎஸ்4 டிஸ்க் ப்ளூ-ரே. இதில் வெறும் 0.1 மில்லிமீட்டர். தேய்த்தால் மேலே இருக்கும் பாதுகாப்புப் பூச்சுதான் போகும். மெல்லிய பருத்தித் துணியால் நடுவிலிருந்து விளிம்பு நோக்கி நேராகத் துடையுங்கள், வட்டமாகச் சுற்றாதீர்கள்.

நீங்கள் ரிமோட் என்று எழுதியிருப்பதைப் பசங்க ஜாய்ஸ்டிக் என்பார்கள். கை வைக்காமலே திரையில் ஆள் தானாக நடந்தால் அதன் குச்சி தேய்ந்துவிட்டது என்று அர்த்தம். அதை மறைக்காதீர்கள், வாங்குபவர் முதலில் பார்ப்பதே அதைத்தான். கரண்ட் வயர் காணவில்லை என்றால் பதறவும் வேண்டாம். பழைய பெரிய மாடல், ஸ்லிம் இரண்டுக்கும் பழைய டேப் ரெக்கார்டருக்குப் போடும், எட்டு மாதிரி முனை உள்ள வயர்தான்.

இனி அழிக்கும் வேலை. இதற்கு மகனை வீடியோ காலில் உட்கார வையுங்கள், பாஸ்வேர்டு அவரிடம்தானே இருக்கும். மறந்திருந்தால் மெயில் வழியாகப் புதிதாகப் போட்டுக்கொள்ளட்டும். முதலில், பாதியில் விட்ட ஆட்டங்களின் சேவ் ஃபைல் (எதுவரை ஆடினோம் என்ற பதிவு) வேண்டுமா என்று கேட்டு, பென் டிரைவில் எடுத்து வையுங்கள். இரண்டாவது, செட்டிங்ஸில் அக்கவுண்ட் மேனேஜ்மென்ட் போய், பிரைமரி பிஎஸ்4 என்று இருப்பதை டீஆக்டிவேட் செய்ய வேண்டும், அதாவது இந்தப் பெட்டிக்கும் மகனுடைய அக்கவுண்டுக்கும் உள்ள தொடர்பை எடுத்துவிட வேண்டும். மூன்றாவதுதான் இனிஷியலைசேஷன், அதாவது பெட்டியில் இருப்பதை எல்லாம் அழிப்பது. அதில் குவிக், ஃபுல் என்று இரண்டு இருக்கும். ஃபுல் கொடுங்கள். சில மணி நேரம் ஆகும், நடுவில் கரண்ட் போகக் கூடாது. மாதாந்திர மின்தடை நாள் பேப்பரில் வருகிறது அல்லவா, பார்த்துக்கொண்டு வேறு நாளில் வையுங்கள். வரிசையை மாற்றி முதலிலேயே அழித்துவிட்டால்? அப்போதும் வழி உண்டு. அக்கவுண்டின் இணையப் பக்கத்திலிருந்து எல்லாக் கருவிகளையும் ஒரே அடியாக டீஆக்டிவேட் செய்யலாம். ஆனால் ஆறு மாதத்துக்கு ஒரு முறைதான் விடுவார்கள்.

ஆள் வந்தால் அரை மணி நேரம் விளையாட விடுங்கள். பக்கத்து வீட்டுப் பையன் ஒருவன் கூட இருக்கட்டும். பழைய பில் கிடைத்தால் எடுத்து வையுங்கள். சீரியல் நம்பரை எழுதி, இன்ன தேதியில் விற்றேன் என்று இருவரும் கையெழுத்துப் போட்ட ஒரு சீட்டு உங்களிடம் இருப்பது நல்லது.

கேள்வி: அண்ணா, என் கேம் பெட்டியை ஆன்லைனில் 9,000 ரூபாய்க்கு விற்கப் போட்டேன். ராணுவத்தில் இருப்பதாகச் சொல்லி ஒருவர் பேசினார், பேரமே பேசவில்லை. ஒரு ரூபாய் அனுப்பச் சொன்னார், அனுப்பினேன், இரண்டு ரூபாயாகத் திருப்பி அனுப்பினார். இப்போது 9,000க்கு ஒரு க்யூஆர் கோடு அனுப்பி, ஸ்கேன் செய்து யுபிஐ பின் நம்பர் (PIN) போட்டால் பணம் வந்துவிடும் என்கிறார். போடலாமா?
(காலேஜ் மாணவர், லாஸ்பேட்டை, புதுச்சேரி)

பதில்: போடாதே தம்பி. உன் கணக்குக்குப் பணம் வர, பின் நம்பரே தேவையில்லை. நீ பின் நம்பர் போட்டால் போவது உன் பணம். அந்த இரண்டு ரூபாய் தூண்டிலில் குத்திய புழு. நிஜ ராணுவ வீரர் யாரும் பழைய பெட்டியை நேரில் பார்க்காமல், பேரம் பேசாமல் வாங்க மாட்டார். நம்பரை பிளாக் செய்துவிடு. ஏற்கெனவே பணம் போயிருந்தால் நாள் கடத்தாமல் சைபர் மோசடிப் புகாருக்கான 1930-க்கு அடி. அடுத்த முறை யாராவது பணம் அனுப்பிய ஸ்கிரீன்ஷாட்டைக் காட்டினாலும், உன் பேங்க் கணக்கில் ஏறியதைப் பார்த்த பிறகு பெட்டியைக் கொடு.

கேள்வி: ஃபெஞ்சல் புயலன்று வீட்டுக்குள் தண்ணீர் வந்து பெட்டி நனைந்தது. காய வைத்தேன், இப்போதும் ஓடுகிறது. வாங்குபவரிடம் சொல்லித்தான் ஆக வேண்டுமா?
(வாசகர், ரெயின்போ நகர், புதுச்சேரி)

பதில்: சொல்லித்தான் ஆக வேண்டும். 2024 நவம்பர் 30 ராத்திரி உங்கள் பகுதியில் தண்ணீர் எப்படி நின்றது என்று ஊருக்கே தெரியும், முகவரியைப் பார்த்ததும் கேட்பார்கள். நனைந்த போர்டு அன்றைக்கே சாகாது. சாலிடர் வைத்த இடங்களில் மெல்லப் பச்சை பூத்து, ஒரு நாள் நின்றுவிடும். கழற்றிச் சுத்தம் செய்து, உள்பக்கத்தைப் போட்டோ எடுத்துக் காட்டி, விலையைக் குறைத்துச் சொல்லுங்கள். மறைத்து விற்றால் அவர் வந்து நிற்பது உங்கள் வாசலில்தான்.

கேள்வி: பரணில் பழைய பிஎஸ்2 கிடைத்தது, காப்பி டிஸ்க் ஓடுவதற்காகச் சிப் போட்டது. காப்பி டிஸ்க் அறுபது இருக்கும். சண்டே மார்க்கெட்டில் போட்டால் போகுமா?
(வாசகர், அரியாங்குப்பம்)

பதில்: காப்பி டிஸ்க்குகளை விற்காதீர்கள், அது சட்டப்படி தப்பு. பெட்டியைக் காந்தி வீதி சண்டே மார்க்கெட்டுக்குக் கொண்டுபோகலாம், ஆனால் ஓட்டிக் காட்ட அங்கே டிவி கிடைக்காது, இரும்பு விலைக்குக் கேட்பார்கள். வீட்டிலேயே மஞ்சள், சிவப்பு, வெள்ளை வயர் சொருகும் டிவியில் போட்டு வீடியோ எடுத்துக்கொண்டு போங்கள். அசல் 8 எம்பி மெமரி கார்டு கூட இருந்தால் அதையும் வீடியோவில் காட்டுங்கள். பழைய பெட்டி சேர்க்கிறவர்கள் அதைத் தேடுகிறார்கள். எனக்கே ஒன்று வேண்டும்.