மனவுறுதி இல்லாதவன்

அன்புள்ள ஐயா,

ஹெராயினை ஒரு காலத்தில் இருமல் மருந்தாக விற்றார்களாமே, உண்மையா? என் தம்பி பிரவுன் சுகர் என்கிற கலப்பட ஹெராயினுக்கு அடிமை. மறுவாழ்வு மையத்திலிருந்து திரும்பிய ஒரே மாதத்தில் மறுபடியும் ஆரம்பித்துவிட்டான். அப்பா வீட்டுக்குள் சேர்க்க மறுக்கிறார். மனவுறுதி இல்லாதவனை என்ன செய்வது?

ம., மதுரை

அன்புள்ள ம.,

உண்மைதான். 1898-ல் ஜெர்மனியின் பேயர் நிறுவனம் விற்றது. அது கிடக்கட்டும். உங்கள் கடைசி வரிதான் என்னை உறுத்துகிறது.

ஹெராயினுக்கு மூலப்பொருளான அபினைப் புகைத்த சீனர்களைப் பற்றியும் அன்று இப்படித்தான் பேசினார்கள். கங்கைச் சமவெளி விவசாயிக்கு முன்பணம் கொடுத்து அபின் பயிரிட வைத்தது கிழக்கிந்தியக் கம்பெனி. பாட்னாவிலும் காஜிப்பூரிலும் அதை உருட்டி, கசகசாப் பூவின் இதழ்களாலேயே ஓடு கட்டி, சீனாவுக்குப் போகப் பெட்டிக்கு 40 உருண்டைகளாக அடுக்கினார்கள். 1839-ல் லின் சேசூ என்ற சீன அதிகாரி 20,000 பெட்டிகளுக்கு மேல் பறிமுதல் செய்து, உப்பும் சுண்ணாம்பும் கலந்த குழிகளில் கரைத்துக் கடலில் விட்டார். கடல் அசுத்தமாகிறதே என்று கடல் தெய்வத்திடம் மன்னிப்பும் கேட்டார். பதிலுக்குப் பிரிட்டன் போர்க்கப்பல்களை அனுப்பியது. இத்தனைக்கும் பிறகு பழி யார் தலையில்? புகைத்தவன் தலையில்!

அதே பழியை உங்கள் தம்பி மேல் போடாதீர்கள். என் கல்லூரி நண்பன் ஒருவன் மையத்தில் சில மாதங்கள் இருந்துவிட்டுக் கன்னத்தில் சதை பிடித்து வீடு திரும்பினான். அம்மா அடை வார்த்துப் போட்டார். அந்த வாரமே பழைய அளவை ஊசியில் ஏற்றிக்கொண்டான். குளியலறைக் கதவை உடைத்துத்தான் எடுத்தோம். நிறுத்தியிருந்த நாட்களில் உடலின் தாங்கும் சக்தி குறைந்துவிடுகிறது. முன்பு போதையேற்றிய அதே அளவு இப்போது மூச்சை நிறுத்திவிடும். இதை அவனுக்கோ எங்களுக்கோ ஒருவரும் சொல்லவில்லை. மனவுறுதி பற்றி மட்டும் நாள்தோறும் வகுப்பெடுத்தார்கள். எனக்கு இன்றும் ஆறவில்லை.

1960-களிலேயே நியூயார்க்கில் வின்சென்ட் டோல், மேரி நைஸ்வாண்டர் என்ற இரு மருத்துவர்கள் தினமும் மெத்தடோன் என்ற மாற்று மருந்தைக் கொடுத்து ஹெராயின் அடிமைகளை வேலைக்கும் குடும்பத்துக்கும் திரும்ப வைத்தார்கள். இன்று ப்யூப்ரெனார்பின் என்ற இன்னொரு மாற்று மருந்தும் இருக்கிறது. இந்தியாவில் அரசு மையங்களிலேயே இவற்றைத் தருகிறார்கள். 'ஒரு போதைக்கு இன்னொரு போதையா?' என்று அப்பா கேட்பார். சர்க்கரை நோயாளி ஆயுள் முழுக்க இன்சுலின் போடுவதை யாராவது இப்படிக் கேட்கிறோமா? வருடக்கணக்கில் எடுக்க நேர்ந்தாலும் எடுக்கட்டும். பாதியில் நிறுத்தச் சொல்லி நச்சரிக்காதீர்கள். ஆபத்து அங்கேதான் இருக்கிறது.

அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையின் மனநலப் பிரிவுக்கு நீங்களே தம்பியை அழைத்துப் போங்கள். இந்த மருந்துகளைப் பெயர் சொல்லிக் கேளுங்கள். அப்பாவிடம் நான் பேச வேண்டுமென்றால் பேசுகிறேன். அதற்கு முன், இன்றிரவே அவனை வீட்டுக்குள் கூப்பிட்டுச் சோறு போடுங்கள்.