பாட்டு மாறினா பேண்ட் உடையணுமா?

தம்பி, வேகமா வாசிச்சே பாம்பன், தங்கச்சிமடம் பக்கம் பேர் எடுத்தோம், இப்போ பாட்டு எழுதுற பையன் கீபோர்டும் மெதுவான மெட்டுமா மாறிட்டான், டிரம்மர் விலகப் போறேங்குறான்னு எழுதியிருக்கீங்க. பிரியுற அளவுக்கு இதுல ஒண்ணுமில்ல.

ஆர்க்டிக் மங்கீஸ்ங்கிற இங்கிலாந்து ராக் பேண்டைக் கேட்டுப் பாருங்க. ஷெஃபீல்டுல 2002-ல சேர்ந்த பசங்க. 2006-ல வந்த முதல் ஆல்பம் ஒரே ஓட்டம், வாய்த்துடுக்கு. 2009-ல ஜாஷ் ஹோமிங்கிற அமெரிக்க ராக் கலைஞரோட அமெரிக்கப் பாலைவனத்துல உட்கார்ந்து கனமான, இருண்ட சத்தத்துக்குப் போனாங்க. 2018 ஆல்பத்தை அவங்க பாடகர் அலெக்ஸ் டர்னர் பியானோவுலயே எழுதினார். அது எனக்கு முழுசா ஒட்டல, அது வேற.

உங்க டிரம்மர் கேக்க வேண்டியது அவங்களோட 2013 ஆல்பம். முன்னாடி அடிச்சு நொறுக்கின அவங்க டிரம்மர் மேட் ஹெல்டர்ஸ், அதுல கையை அடக்கி வாசிச்சிருப்பார். 'டூ ஐ வானா நோ' பாட்டைப் போடுங்க: நிமிஷத்துக்கு 85 அடிதான், கிக் டிரம்மும் (காலால அடிக்கிற பெரிய டிரம்) கைத்தட்டும் மாதிரி ஒரு சத்தம், நடுவுல வெற்றிடம். அந்த வெற்றிடத்தை இழுத்துப் பிடிக்கிறதுதான் கஷ்டம். மேல உச்சக் குரல்ல பின்பாட்டும் அவர் பாடுறார். டிரம்மருக்கு வேலை குறையல, மாறுது.

திருவிழா மேடைன்னா பழைய வேகப் பாட்டுல தொடங்குங்க, புதுசை நடுவுல ரெண்டு வைங்க. ஆர்க்டிக் மங்கீஸும் முதல் ஆல்பப் பாட்டை மேடையில விட்டுடல.

அப்புறம், கீபோர்டைத் திறந்தபடி போடாதீங்க. நம்ம உப்புக்காத்து கிட்டார் கம்பியோட நிக்காது.