தின்னரில் கை கழுவும் கணவர், மூன்று மாதக் கர்ப்பிணி மனைவி

கேள்வி: என் கணவர் பன்னிரண்டு வருடங்களாகக் கார் பெயிண்டிங் பட்டறையில் வேலை பார்க்கிறார். சாயங்காலம் வரும்போதே தலைவலி, எரிச்சல். சொன்னதெல்லாம் மறந்துபோகிறது. ஞாயிற்றுக்கிழமை மட்டும் நன்றாக இருக்கிறார். பெயிண்ட் கறை போக தின்னரில்தான் கை கழுவுவார். வீட்டுக்கும் ஒரு கூல்டிரிங்ஸ் பாட்டிலில் தின்னர் கொண்டுவந்து வைத்திருக்கிறார். அவர் துணியெல்லாம் அதே வாடை. நான் மூன்று மாதம் கர்ப்பமாக இருக்கிறேன். வாடையால் குழந்தைக்கு ஏதாவது ஆகுமா? அவருக்குப் புற்றுநோய் வருமா? பாலும் வெல்லமும் கொடுத்தால் விஷம் இறங்கிவிடும் என்கிறார்களே, உண்மையா? என்ன டெஸ்ட் எடுக்க வேண்டும்?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி, ஈரோடு

பதில்: முதலில் குழந்தை விஷயம். பெயிண்ட்டை இளக்கப் பயன்படும் தின்னரில் பெரும்பங்கு பொதுவாக டொலுவீன் என்ற திரவம். கர்ப்ப காலத்தில் போதைக்காக அதைத் தினமும் துணியில் நனைத்து முகர்ந்த பெண்களுக்கு எடை குறைந்த, தலை சிறுத்த குழந்தைகள் பிறந்திருக்கின்றன. அது மிக அதிக அளவு. கணவரின் சட்டையிலிருந்து உங்கள் மூக்குக்கு வருவது அதன் பக்கத்தில்கூட வராது. அதனால் பயந்துபோய் அவசர ஸ்கேன் எதுவும் எடுக்க வேண்டாம். எல்லோருக்கும் ஐந்தாம் மாத வாக்கில் எடுக்கும் ஸ்கேனே உங்களுக்கும் போதும். அதே நேரம், வாடை வீட்டுக்குள் வராமல் பார்த்துக்கொள்வது நல்லது. அதற்குப் பெரிய செலவும் இல்லை. அவர் பட்டறையிலேயே உடை மாற்றிவிட்டு வரட்டும். முடியாவிட்டால் வாசலில் மாற்றி, வெளியே கொடியில் போடட்டும். காற்றுப் பட்டால் தின்னர் தானாகப் பறந்துவிடும்.

பறக்காத ஒன்று அந்தத் துணியில் இருக்கலாம். என் கவலை வாடையைவிட அதன் மேல்தான். பழைய பெயிண்ட்டைத் தேய்த்து எடுக்கும்போது கிளம்பும் தூசியைச் சொல்கிறேன். வீட்டுச் சுவருக்கு அடிக்கும் பெயிண்ட்டில் ஈயம் 90 பிபிஎம்முக்கு (பத்து லட்சத்தில் 90 பங்குக்கு) மேல் இருக்கக் கூடாது என்று 2017 நவம்பர் முதல் இந்தியாவில் விதி இருக்கிறது. வண்டிகளுக்கும் தொழிற்சாலைகளுக்கும் போகும் பெயிண்ட் அந்த விதிக்குள் வராது. பழைய மஞ்சள், சிவப்பு பெயிண்ட்களில் ஈயம் இருக்க வாய்ப்பு அதிகம். ஈயத் தூசி சட்டை, தலைமுடி, செருப்பு வழியாக வீட்டுக்கு வரும். கர்ப்பிணி உடலுக்குள் போனால் தொப்புள்கொடி வழியாகக் குழந்தைக்கும் போகும். ஆகவே அந்தத் துணியை நீங்கள் உதற வேண்டாம், வீட்டுத் துணியோடு சேர்த்து ஊறப்போடவும் வேண்டாம். அவரே தனியாக அலசட்டும். கோபித்துக்கொண்டால் டாக்டர் சொன்னார் என்று என் மேல் போட்டுவிடுங்கள்.

அடுத்து, அந்தக் கூல்டிரிங்ஸ் பாட்டில். இதைப் படித்து முடித்ததும் அதை வீட்டிலிருந்து வெளியேற்றுங்கள். பட்டறைக்கே திரும்பிப் போகட்டும், சாக்கடையில் ஊற்றாதீர்கள். தின்னர் பார்ப்பதற்குத் தண்ணீர் மாதிரியே இருக்கும். அக்கம்பக்கத்துக் குழந்தை தாகத்தில் ஒரு வாய் குடித்தால் போதும், புரையேறி நுரையீரலுக்குள் இறங்கி நிமோனியா மாதிரி ஆகிவிடும். யாராவது அப்படிக் குடித்துவிட்டால் வாந்தி எடுக்க வைக்காதீர்கள். உப்புத் தண்ணீர், புளித் தண்ணீர் எதுவும் கொடுக்காதீர்கள். வாந்தியில் மேலே வரும் தின்னர்தான் மறுபடி நுரையீரலுக்குள் போகும். 108-ஐ அழைத்து, அந்த பாட்டிலையோ டின்னையோ கையோடு எடுத்துப் போங்கள். மலிவான தின்னரில் மெத்தனால் என்ற விஷச் சாராயம் கலந்திருப்பதுண்டு. அது கண் பார்வையைப் பறிக்கும், உயிரையும் எடுக்கும். என்ன குடித்தார் என்பது தெரிந்தால்தான் சரியான மாற்று மருந்தைக் கொடுக்க முடியும்.

இனி உங்கள் கணவர். ஞாயிற்றுக்கிழமை நன்றாக இருக்கிறார் என்று எழுதியிருக்கிறீர்கள். எனக்கு அதிகம் பயன்பட்ட வரி அதுதான். தலைவலிக்கு ரத்த அழுத்தம், கண் பவர், தூக்கமின்மை என்று நூறு காரணம் இருக்கலாம். வேலை நாளில் வந்து லீவு நாளில் போகிற தலைவலிக்கு முதலில் வேலை இடத்தைத்தான் பார்க்க வேண்டும். டொலுவீன் கொழுப்பில் எளிதாகக் கரையும், மூளையிலும் நரம்பிலும் கொழுப்பு நிறைய உண்டு. மூச்சு வழியாகப் போனதும் சில நிமிடங்களில் மூளையை எட்டி, கிறுகிறுப்பு, மந்தம், தலைவலி எல்லாம் தரும். பிறகு கல்லீரல் அதை மாற்றிச் சிறுநீரில் அனுப்பிவிடும். ஒரு நாள் ஓய்வில் தெளிவது இதனால்தான். வருடக்கணக்கில் இதே தொடர்ந்தால், ஒரு கட்டத்துக்கு மேல் ஞாயிற்றுக்கிழமையும் தெளியாது. மறதி, சிடுசிடுப்பு, மனச்சோர்வு நிரந்தரமாகத் தங்கிவிடும். டென்மார்க், ஸ்வீடன் போன்ற நாடுகளில் 1970-களிலேயே பெயின்டர்களிடம் இதைக் கவனித்து எழுதியிருக்கிறார்கள். இன்னும் லீவு நாளில் தெளிகிறார் என்றால் நிலைமை கைமீறவில்லை என்று நம்பலாம்.

ஸ்ப்ரே கன் பிடித்து பெயிண்ட் அடிக்கும் நேரத்தைத்தான் எல்லோரும் ஆபத்து என்று நினைக்கிறார்கள். அப்போதாவது மூக்கில் ஒரு கர்சீப் இருக்கும். அதற்கு முன்னும் பின்னும் நடப்பதை யாரும் கணக்கில் எடுப்பதில்லை. மூடாத டின்னில் பெயிண்ட் கலக்குவது, கன்னைத் தின்னரில் அலசி அதைக் காற்றிலேயே ஊதி விடுவது, தின்னரில் நனைத்த பனியன் வேஸ்ட்டை மூலையில் குவித்துவிட்டு அதன் பக்கத்திலேயே உட்கார்ந்து டீ குடிப்பது. ஈரப் பெயிண்ட்டில் தூசி ஒட்டக் கூடாது என்று ஷட்டரை வேறு இறக்கிவிடுவார்கள். டொலுவீன் ஆவி காற்றைவிடச் சுமார் மூன்று மடங்கு கனமானது, தரையோடுதான் தங்கும். உச்சியில் சுழலும் சீலிங் ஃபேன் அதை வெளியேற்றாது. சுவரின் கீழ்ப்பகுதியில் காற்றை வெளியே இழுக்கும் வழி வேண்டும், எதிர்ப்பக்கம் காற்று உள்ளே வரும் வழியும் வேண்டும். இதற்குத் தீப்பொறி வராத மோட்டார்தான் வைக்க வேண்டும். பொறி பட்டால் டொலுவீன் ஆவி 4 டிகிரி செல்சியஸிலேயே தீப்பிடிக்கும், ஈரோட்டு வெயிலைக் கேட்கவே வேண்டாம். பீடி பற்றவைப்பது இதைவிட மோசம்.

எட்டு மணி நேர வேலைக்குச் சராசரி 20 பிபிஎம்முக்கு மேல் டொலுவீன் கூடாது என்பது அமெரிக்கத் தொழில் சுகாதார வல்லுநர்கள் அமைப்பின் பரிந்துரை. 500 பிபிஎம் உயிருக்கே உடனடி ஆபத்து என்று அங்கே அரசு நிறுவனம் வகுத்திருக்கிறது. “எனக்கு வாடையே தெரியல டாக்டர், பழகிடுச்சு” என்று பெயின்டர்கள் பெருமையாகச் சொல்வார்கள். பழகுவது மூக்குதான், மூளைக்கு அந்த வசதி இல்லை.

கர்சீப், சர்ஜிக்கல் மாஸ்க், என்-95 எதுவும் ஆவியைத் தடுக்காது. கரி நிரப்பிய ஆர்கானிக் வேப்பர் கார்ட்ரிட்ஜ், அதன் மேல் தூசி ஃபில்டர், இரண்டும் உள்ள ரப்பர் மாஸ்க் வேண்டும். தாடி இருந்தால் அது முகத்தோடு சரியாக ஒட்டாது. வேலை முடிந்ததும் ஆணியில் மாட்டி வைத்தால் கரி இரவெல்லாம் பட்டறைக் காற்றைக் குடித்துத் தீர்ந்துபோகும், ஜிப் கவரில் போட்டு மூடி வைக்க வேண்டும். ஹார்ட்னர் கலந்து அடிக்கும் டூ-கே பெயிண்ட் வேலைக்கு இந்த மாஸ்க்கை மட்டும் நம்பக் கூடாது. ஹார்ட்னரில் உள்ள ஐசோசயனேட் என்ற ரசாயனத்தின் வாடை நமக்குத் தெரியாது, கார்ட்ரிட்ஜ் தீர்ந்ததும் தெரியாது. ஆஸ்துமாவைக் கொண்டுவந்துவிடும். அதற்கு வெளியிலிருந்து குழாயில் சுத்தமான காற்று வரும் மாஸ்க்தான் சரி.

தின்னரில் கை கழுவுவதை இன்றே நிறுத்தலாம். தின்னர் தோலின் எண்ணெய்ப் பசையை எடுத்துவிடும், விரல் நுனிகள் வெள்ளையாகக் காய்ந்து வெடிக்கும், அந்த வெடிப்பு வழியாக இன்னும் கொஞ்சம் உள்ளே போகும். தேங்காய் எண்ணெயோ சமையல் எண்ணெயோ போட்டு நன்றாகத் தேய்த்து, துணியில் துடைத்து, அப்புறம் சோப்புப் போடட்டும். காய்ந்த கறை ஒரே நாளில் போகாது, பரவாயில்லை. வேலைக்கு முன் நைட்ரைல் கையுறை போட்டால் இந்தத் தொல்லையே குறையும். நனைந்தால் உடனே மாற்ற வேண்டும். சாதாரண ரப்பர் கையுறையைத் தின்னர் சீக்கிரமே ஊடுருவிவிடும்.

பாலும் வெல்லமும்? நல்ல சாப்பாடு, கொடுங்கள். மூச்சில் போன தின்னரை அவை இறக்காது, அது வயிற்றுக்குப் போகவே இல்லையே. வேலை முடித்து ஒரு குவார்ட்டர் போடும் பழக்கம் அவருக்கு இருந்தால் அதை நிறுத்துவதுதான் உண்மையான உதவி. சாராயமும் டொலுவீனும் கல்லீரலில் ஒரே நொதிகளுக்குப் போட்டி போடும், டொலுவீன் உடலில் அதிக நேரம் தங்கும்.

புற்றுநோய் பற்றி ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். டொலுவீன் புற்றுநோய் தரும் என்பதற்கு இதுவரை போதிய ஆதாரம் இல்லை. அதன் உறவுக்காரனான பென்சீன் ரத்தப் புற்றுநோய் தரும், தரம் குறைந்த தின்னரில் கலப்பாக இருக்கலாம். பெயின்டர் வேலையையே மொத்தமாக, புற்றுநோய் உண்டாக்கும் தொழில்களின் முதல் பிரிவில் உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு வைத்திருக்கிறது. நுரையீரல், சிறுநீர்ப்பை இரண்டும்தான் முக்கியக் கவலை. எல்லோருக்கும் வரும் என்று அர்த்தமில்லை. ஆனால் பீடி, சிகரெட் இருந்தால் விட வைக்க இதைவிட நல்ல காரணம் கிடைக்காது.

டெஸ்ட் என்று பெரிய மாஸ்டர் செக்கப் எதற்கும் பணம் கொடுக்க வேண்டாம். அவருக்கு ரத்த அணுக்கள், சிறுநீரகத்துக்கான கிரியாட்டினின், பொட்டாசியம், கல்லீரல், சர்க்கரை, ரத்த அழுத்தம், அதோடு ரத்தத்தில் ஈயம். அவருக்கு ஈயம் அதிகமாக இருந்தால் உங்களுக்கும் பார்க்க வேண்டும். சிறுநீரில் ஹிப்யூரிக் அமிலம் பார்க்கச் சொல்லி யாராவது எழுதித் தரலாம். டொலுவீன் உடலில் அப்படித்தான் மாறி வெளியேறும். ஆனால் ஊறுகாய், கூல்டிரிங்ஸில் கெடாமல் இருக்கப் போடும் பென்சோயேட்டும் அதே அமிலமாகத்தான் வரும், அதனால் அந்த ஒரு ரிசல்ட்டை வைத்து முடிவு செய்ய முடியாது. கால் விரல்கள் மரத்துப்போவது, படி ஏறும்போது கால் தளர்வது, நடை தள்ளாடுவது இருந்தால் நரம்பியல் மருத்துவரிடம் காட்டுங்கள். சில தின்னர்களிலும் ஒட்டும் பசைகளிலும் இருக்கும் என்-ஹெக்ஸேன் கால் நரம்புகளைத்தான் முதலில் கெடுக்கும். இருமலும் இழுப்பும் இருந்தால் ஸ்பைரோமெட்ரி என்ற மூச்சுத் திறன் டெஸ்ட்.

வேலையை விடச் சொல்ல வேண்டுமா என்று நீங்கள் கேட்கவில்லை, கேட்க நினைத்திருப்பீர்கள். இப்போதைக்கு வேண்டாம். மேலே சொன்ன மாற்றங்களோடு இரண்டு மாதம் பாருங்கள். தலைவலி அப்படியே இருந்தால், அல்லது ஞாயிற்றுக்கிழமையும் தெளியாமல் போனால், பெயிண்டிங்கிலிருந்து டிங்கரிங் (நசுங்கிய தகட்டைச் சரிசெய்யும் வேலை) பக்கமோ வேறு பிரிவுக்கோ மாறுவதைப் பற்றி முதலாளியிடம் பேச வேண்டிய நேரம் அது. அடுத்த செக்கப்புக்கு நீங்கள் போகும்போது, கணவர் கார் பெயின்டர் என்பதை உங்கள் மகப்பேறு மருத்துவரிடம் சொல்லி ஃபைலில் எழுதிக்கொள்ளச் சொல்லுங்கள்.