குவாஷ் (ஒளி ஊடுருவாத நீர்வண்ணம்) தீட்டிய ஏட்டுப் பக்கங்கள் ஒட்டிக்கொண்டால்

இழுத்துப் பிரிக்காதீர்கள். குஜராத்தின் கட்ச்சில் நீங்கள் தீட்டிய ரபாரி மேய்ப்பர் ஓவியங்களின் நிறம் எதிர்ப்பக்கத்தோடு உரிந்து போய்விடும். ஏட்டை, கேமரா வைக்கும் டிரை கேபினெட்டில் (ஈரப்பதத்தைக் கட்டுப்படுத்தும் பெட்டி) 45 விழுக்காடு ஈரப்பதத்தில் மூன்று நாள் நிமிர்த்தி வையுங்கள். பிறகு மழுங்கிய காகிதக் கத்தியை ஓரத்திலிருந்து மெல்ல நுழையுங்கள்.

காரணம் பெரும்பாலும் குவாஷில் உள்ள கோந்துதான். பாலைவனத்தில் சட்டென்று காய்ந்தது, 80 விழுக்காட்டைத் தாண்டும் நம்மூர் ஈரத்தில் இளகிவிடும். ரபாரிப் பெண்களின் கறுப்புக் கம்பளி முக்காட்டைத் தடிப்பாகப் பூசியிருந்தால் முதலில் ஒட்டுவது அதுதான். பிரிந்ததும் அந்தக் கறுப்பைப் புறங்கையால் லேசாகத் தொட்டுப் பாருங்கள். பிசுபிசுத்தால் இன்னும் இரண்டு நாள் உள்ளேயே இருக்கட்டும். காய்ந்தபின் பக்கங்களுக்கு இடையில் கேக் சுடும்போது விரிக்கும் ஒட்டாத பேக்கிங் பேப்பர் (baking paper) வையுங்கள்.

ஹேர் டிரையர் மட்டும் வேண்டவே வேண்டாம்: தடித்த பூச்சு வெடித்து உதிரும்.