கொலைகாரன் யார் என்று தெரிந்த பிறகு

அன்புள்ள ஐயா,

நீங்கள் பார்க்கச் சொன்ன '10 ரில்லிங்டன் பிளேஸ்' படத்தை நேற்றிரவு பார்த்தேன். முதல் காட்சியிலேயே கொலைகாரனைக் காட்டிவிடுகிறார்கள். அப்புறம் எப்படி அது த்ரில்லர் ஆகும்? அதோடு, அந்த இவான்ஸ் தான் செய்யாத கொலையைத் தானே ஒப்புக்கொள்வதை நம்பவே முடியவில்லை. அப்படியும் ஒருவன் இருப்பானா?

அன்புடன்,
க.

அன்புள்ள க.,

இருந்தான். டிமோத்தி இவான்ஸ் கற்பனைப் பாத்திரம் இல்லை. லண்டனில் அதே முகவரியில், மாடிப் போர்ஷனில் மனைவியோடும் கைக்குழந்தையோடும் குடியிருந்தவன். 1949 நவம்பரில் வேல்ஸில் ஒரு போலீஸ் நிலையத்துக்குத் தானாகவே போய், மனைவியின் உடலைச் சாக்கடைக்குள் போட்டதாகச் சொன்னான். போலீஸ் போய்ப் பார்த்தால், சாக்கடை மூடியைத் தூக்கவே மூன்று பேர் வேண்டியிருந்தது. உள்ளே உடலும் இல்லை. தனி ஆளாக அதை எப்படித் தூக்கியிருப்பான் என்று அங்கேயே யோசித்திருக்க வேண்டாமா? மனைவி, குழந்தை இருவரின் உடல்களும் பிறகு வீட்டின் பின்புறத் துணி துவைக்கும் அறையில் கிடைத்தன. அப்போது தோட்டத்து வேலிக்கு முட்டுக் கொடுத்திருந்தது ஒரு மனிதத் தொடையெலும்பு. தேடிய யார் கண்ணிலும் அது படவில்லை.

இவான்ஸுக்குச் சரியாக எழுதப் படிக்கத் தெரியாது. வாக்குமூலத்தை மாற்றி மாற்றிச் சொன்னான். கீழ்வீட்டு கிறிஸ்டியோ போர்க்காலத்தில் போலீஸ் வேலை பார்த்தவர், மெல்லிய குரலில் மரியாதையாகப் பேசுபவர். அரசுத் தரப்பில் சாட்சி சொன்னதே அவர்தான். ஜூரி 40 நிமிடத்தில் முடிவுக்கு வந்துவிட்டது. 1950 மார்ச் 9 அன்று இவான்ஸைத் தூக்கில் போட்டார்கள். மூன்று வருடம் கழித்து அதே வீட்டின் சமையலறைச் சுவர்க் காகிதத்தைக் கிழித்தபோது, பின்னால் மூன்று பெண்களின் உடல்கள்.

கொலைகாரன் கிறிஸ்டிதான் என்று நமக்குத் தெரியும், இவான்ஸுக்குத் தெரியாது. அவன் கிறிஸ்டியை நம்புகிறான், நன்றியோடு பார்க்கிறான். அந்தப் பார்வையைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வயிற்றைப் பிசையும். பின்னாளில் 'காந்தி' எடுத்த அதே ரிச்சர்ட் அட்டன்பரோதான் படத்தில் கிறிஸ்டி. குரலை உயர்த்துவதே இல்லை. டீ போட்டுக் கொடுத்து, உடம்பு எப்படியிருக்கிறது என்று விசாரிக்கும் பக்கத்து வீட்டுப் பெரியவர் மாதிரிதான் இருக்கிறார். அட்டன்பரோ மரண தண்டனையை எதிர்த்தவர், அதற்காகவே இந்த வேடத்தை ஏற்றார். இயக்குநர் ரிச்சர்ட் ஃபிளெய்ஷரும் எதையும் ஊதிப் பெரிதாக்கவில்லை. அந்தத் தெருவிலேயே போய்ப் படம் எடுத்தார்.

தூக்குக் காட்சியைக் கவனித்தீர்களா? இசை இல்லை, கடைசி வார்த்தை இல்லை, கண் இமைப்பதற்குள் முடிந்துவிடுகிறது. அதற்கு ஆலோசனை சொன்னவர் ஆல்பர்ட் பியர்பாயிண்ட். இவான்ஸையும் பிறகு கிறிஸ்டியையும் நிஜத்தில் தூக்கிலிட்டவர் அவர்தான்.

1966-இல் இவான்ஸுக்கு அரசு மன்னிப்பு வழங்கியது. செத்து 16 வருடம் ஆகியிருந்தது.

முடிந்தால் நீதிமன்றக் காட்சியை மட்டும் மறுபடி பாருங்கள். கிறிஸ்டிதான் செய்தார் என்று இவான்ஸாக நடிக்கும் ஜான் ஹர்ட் திரும்பத் திரும்பச் சொல்கிறார். அதைக் கேட்டுக்கொண்டிருப்பவர்களின் முகங்களைப் பாருங்கள்.